பட்டப்பேர் போய்ச் சேர்ந்தது

சாவுச் செய்தி வாட்சப்பில் வந்தது. மேலே ஓம், இரண்டு பக்கமும் குத்துவிளக்கு, நடுவில் மாலை போட்ட படம். 'திரு. முனியாண்டி த/பெ சின்னசாமி, வயது 84. இறுதிச் சடங்கு நாளை நண்பகல் 12 மணிக்கு, டுரியான் துங்கால் இல்லத்தில்.' ஐசிக்கு எடுத்த படத்தைப் பெரிதாக்கி, ஸ்டுடியோக்காரர் ஒரு கோட்டும் மாட்டிவிட்டிருந்தார். உயிரோடு இருந்தவரை அவர் கோட்டு போட்டதை நாங்கள் பார்த்ததில்லை.

பழைய தோட்டத்து ஆட்கள் இருக்கிற குழுமம் அது. அரை மணி நேரம் ஒருவரும் வாய் திறக்கவில்லை. பிறகு ஒருவர், "யாருப்பா இது?" என்று கேட்டார். "எந்த முனியாண்டி?" என்றார் இன்னொருவர். கடைசியில் மெர்லிமாவிலிருந்து ஓர் அக்கா குரல் பதிவு அனுப்பினார்: "ஐயோ, நம்ம மணியடி முனியாண்டி மாமாலா!" அதற்குப் பிறகுதான் அழுகை முகங்களும் கூப்பிய கைகளும் மளமளவென்று வந்து விழுந்தன. மனிதர் போனது காலை ஆறு மணிக்கு. எங்களுக்கு அவர் போனது அந்தக் குரல் வந்த பதினொன்றரை மணிக்கு.

மகன் பெரிய வேலையில் இருக்கிறார். பட்டப்பேரைப் போட்டால் மரியாதையாக இருக்காது என்று விட்டுவிட்டாராம். அவரைக் குறை சொல்ல முடியாது. முன்பு 'தமிழ் நேசன்' மரண அறிவிப்புகளில் பேருக்குப் பக்கத்தில் அடைப்புக்குறி போட்டு 'என்கிற' என்று இன்னொரு பேர் வரும். சிலர் அந்த அடைப்புக்குறியைத்தான் முதலில் தேடுவார்கள். 1924ல் தொடங்கிய அந்த நாளேடு 2019ல் நின்றுபோனது. அடைப்புக்குறி அதற்கும் முன்னாலேயே நின்றுவிட்டது.

முனியாண்டி மாமாவுக்குச் செய்ய வேண்டியதை அவர் பிள்ளைகள் குறையில்லாமல் செய்துவிட்டார்கள். நான் எழுதுவது அவருக்கு முன்னால் ஒட்டிக்கொண்டிருந்த 'மணியடி' என்கிற அந்தச் சொல்லுக்கும், அதன் அண்ணன் தம்பிகளுக்கும்.

நாங்கள் பிறந்த தோட்டம் ஜாசின் பக்கம். அதன் பேர் வேண்டாம்; இன்று அந்த இடத்தில் வீடு வாங்கிக் குடியிருப்பவர்களுக்கே அது தெரியாது. மலாயாவில் வியாபாரத்துக்கென்று ரப்பரை முதலில் நட்டது எங்கள் மாநிலத்தில்தான். 1896ல் மலாக்காச் சீனர் டான் சாய் யான் புக்கிட் லிந்தாங்கில் நட்டார். அடுத்தது புக்கிட் அசஹான். பால்மரம் எங்கெங்கே போனதோ அங்கெல்லாம் லயமும் போனது. லயம் போன இடமெல்லாம் முனியாண்டி போனார்.

எங்கள் தோட்டத்தில் ஒரே காலத்தில் ஐந்து முனியாண்டிகள் இருந்தார்கள். செக்ரோலில் கிராணி அவர்களுக்கு எண் போட்டிருந்தார். விடிவதற்கு முன்னால் பெரட்டுக் களத்தில் அரிக்கன் விளக்கை உயர்த்திப் பிடித்து, "முனியாண்டி ஒண்ணு... முனியாண்டி ரெண்டு..." என்று கூப்பிடுவார். எங்களுக்கு அந்த எண்கள் மனதில் நிற்கவே இல்லை. நாங்கள் அறிந்தவர்கள் மணியடி முனியாண்டி, கட்டை முனியாண்டி, துறையூர் முனியாண்டி, காளியம்மா மகன் முனியாண்டி, ஞாயித்துக்கிழமை முனியாண்டி.

மணியடிக்கு வேலையே பேர். ஆபீஸ் வாசல் மரத்தில் ஒரு முழ நீளத் தண்டவாளத் துண்டு கம்பியில் தொங்கும். நாலரை மணிக்கு ஓர் இரும்புக் கம்பியால் அதை அடிப்பார். முதலில் மெதுவாக மூன்று, பிறகு விடாமல். லயத்தில் முதலில் நாய் எழுந்திருக்கும், அப்புறம் கிழவிகள், அடுப்புப் புகை, கடைசியில் நாங்கள். மழை பிடித்துக்கொண்டால் பாலுக்குப் போக முடியாது. அன்று மணி தாமதிக்கும். படுத்தபடியே, 'இன்னும் அடிக்கலையே' என்று காது தீட்டிக்கொண்டு கிடந்த அந்தக் கால் மணி நேரத்தைப் போல ஒரு சுகத்தை நான் பிறகு எந்த மெத்தையிலும் கண்டதில்லை.

கட்டையர் குள்ளம். துறையூரார் அப்பா காலத்தில் துறையூரிலிருந்து வந்த குடும்பம். காளியம்மா புருஷனை இழந்து ஒற்றையாளாகப் பிள்ளை வளர்த்தவர். அதனால் மகன் அம்மா பேரில் வழங்கினார். ஐந்தாமவர் கதை வேறு. சண்டைக்கு முந்தின காலத்தில் கப்பலில் வந்து இறங்கியவர். வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை, விடுமுறை என்று யாரும் சொல்லாததால், உளியும் வாளியுமாக இருட்டில் தனியாகப் பெரட்டுக் களத்தில் போய் நின்றாராம். காவல்காரர் வந்து விரட்டும் வரை நின்றாராம். ஒரே ஒரு நாள் காலை. அதற்காக ஐம்பது வருஷம் அவர் ஞாயித்துக்கிழமை.

இந்த ஐந்தையும் ஆராய்ச்சிக் கண்ணோடு நான் பார்க்கத் தொடங்கியது என் தங்கையால். 1973ல் ஜெர்மனியின் சீமென்ஸ் நிறுவனம் பத்து பெரெண்டாமில் தொழிற்சாலை திறந்தது. இன்று அது இன்ஃபினியன். தோட்டத்துப் பெண்களை ஏற்றிப்போகத் தொழிற்சாலை பஸ்கள் சடக்கில் வந்து நிற்க ஆரம்பித்த காலம். உளி பிடிக்க வேண்டிய என் தங்கை உருப்பெருக்கிக் கண்ணாடியில் சிப்பு பார்க்கப் போனாள். அங்கே வந்துபோகிற ஜெர்மன்காரர்களின் பேர்களை ராத்திரி சோற்றோடு எங்களுக்குப் பரிமாறுவாள்: ஷ்மிட், ஷ்னைடர், முல்லர், க்ராவுஸ. "இதுக்கெல்லாம் அர்த்தம் இருக்காண்ணே?" என்று ஒருநாள் கேட்டாள். மலாக்கா டவுன் நூலகத்தில் ஒரு தடித்த புத்தகத்தைப் பிரித்தேன். ஷ்மிட் கொல்லன். ஷ்னைடர் தையல்காரர். முல்லர் மாவு மில்காரர். க்ராவுஸ என்றால் சுருட்டை முடி.

நான் வந்து சொன்னதும் அப்பா சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. "அப்போ அந்தத் தொரைமாரெல்லாம் நம்ம தோட்டத்து ஆளுங்கதானா!"

இங்கிலீஷ்காரர்கள் பேரும் அப்படியே. ஸ்மித் கொல்லன், டெய்லர் தையல்காரர், தாட்சர் கூரை வேய்பவர். ஜான்சன் என்றால் ஜான் மகன். லாங் நெட்டையர், ஷார்ட் கட்டையர். ஹில் மேட்டு லயத்துக்காரர், வுட் காட்டோரத்துக்காரர். வாஷிங்டன் என்பது ஓர் ஊர்ப்பேர். அமெரிக்காவின் முதல் அதிபரும் எங்கள் துறையூராரும் ஒரே வகை. கிளார்க் என்ற பேரைப் பார்த்ததும் எனக்குக் கொஞ்சம் எரிச்சல்தான் வந்தது. எழுதத் தெரிந்தவன் என்பதே அதன் பொருள். எங்களுக்கு எண் போட்ட கிராணி அந்தக் கால இங்கிலாந்தில் பிறந்திருந்தால், அவருடைய எள்ளுப்பேரன்மார் இன்று மிஸ்டர் கிளார்க் என்று நடமாடிக்கொண்டிருப்பார்கள்.

கங்காணிக்கும் ஜெர்மனியில் பங்காளி உண்டு. ஷுல்ட்ஸ் என்ற பேரைத் தோண்டினால் 'ஷுல்ட்ஹைஸ்' என்ற கிராமத் தலைவன் வருகிறான். கட்ட வேண்டியதைக் கட்டு என்று கட்டளையிடுகிறவன் என்பது சொல்லின் பொருள். வேலைக்கு வந்த ஆளுக்கு இவ்வளவு என்று தலைக்காசு வாங்கிக்கொண்டு, கப்பல் காசையும் கல்யாணக் கடனையும் சம்பள நாளன்று கழித்துக்கொண்டு மிச்சத்தைக் கையில் வைத்த கங்காணிக்கு இதைவிடப் பொருத்தமான பேரை நம்மவர்கள் யோசித்திருக்க முடியாது. 1938ல் இந்திய அரசு ஆள் அனுப்புவதை நிறுத்தியதும் கங்காணிமாரின் காலம் முடிந்தது. ஆனாலும் என் சின்ன வயசில் 'கங்காணி வீட்டுப் பேரன்' என்று சொல்லித்தான் ஒரு பையனை அடையாளம் காட்டினார்கள்.

துரைமார் விஷயம் இன்னும் வேடிக்கை. மலாயாத் தோட்டங்களில் ஸ்காட்லாந்துக்காரர்கள் அதிகம். அவர்களுடைய பழைய கேலிக் மொழியில் கேம்பெல் என்றால் கோணவாய், கேமரன் என்றால் கோணமூக்கு. எந்தக் காலத்திலோ யாரோ ஒருவனுக்கு வாயும் மூக்கும் கோணலாக இருந்து, ஊர் சிரித்து, அந்தச் சிரிப்பு வம்சத்துக்கே பேராகிவிட்டது. 1885ல் நில அளவைக்கு வந்த வில்லியம் கேமரன் பேரில்தான் கேமரன் மலை. ஆக, பள்ளி விடுமுறைக்கு நாம் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய் ஸ்ட்ராபெரி பறிப்பது கோணமூக்கன் மலையில். லயத்தில் ஒருவரைக் 'கோணவாய்' என்று கூப்பிட்டால் அநாகரிகம். அதையே கேலிக்கில் கூப்பிட்டால் குலப்பெருமை.

ஞாயித்துக்கிழமை முனியாண்டி மட்டும் எந்த வகையிலும் அடங்க மாட்டார் என்று நினைத்திருந்தேன். வேலை இல்லை, உருவம் இல்லை, ஊர் இல்லை, தாய் தகப்பன் இல்லை. பல வருஷம் கழித்துத் தெரிந்தது, ஜெர்மனியில் ஸொன்டாக் என்று குடும்பப் பேரே இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை என்றுதான் பொருள். ஃப்ரைடாக், மொன்டாக் என்று வெள்ளியும் திங்களும்கூட உண்டு. அங்கேயும் எவனோ தப்பான நாளில் தப்பான இடத்தில் போய் நின்றிருப்பான் என்று நினைத்துக்கொள்வதில் எனக்கு ஓர் ஆறுதல்.

ஒரே மண்ணில் முளைத்த மாதிரி இருக்கும் இந்தப் பேர்கள் அங்கே எப்படி நின்றன, இங்கே ஏன் பட்டுப்போயின?

முளைத்த காரணம் இரண்டு இடத்திலும் ஒன்றுதான்: பேர்ப் பஞ்சம். 1066ல் நார்மன்காரர்கள் இங்கிலாந்தைப் பிடித்தபிறகு பழைய ஆங்கிலப் பேர்கள் வழக்கொழிந்து, எங்கு பார்த்தாலும் வில்லியம், ராபர்ட், ரிச்சர்ட், ஜான் என்று ஆனது. ஒரு கிராமத்தில் பத்து ஜான் இருந்தால் ஒட்டுச் சொல் இல்லாமல் பிழைப்பு ஓடாது. நம் கதையும் அதே. கங்காணி தன் ஊரிலிருந்தும் பக்கத்து ஊர்களிலிருந்தும் ஆள் பிடித்து வருவார். எல்லோருக்கும் ஒரே காவல் தெய்வம், ஒரே பெருமாள். அப்புறம் முனியாண்டி, பெருமாள், ராமசாமி, ஆறுமுகம், மாரியாயி, லெட்சுமி தவிர வேறென்ன பேர் வரும்? (லெட்சுமிக்கு இந்த நாட்டில் எத்தனை எழுத்துக்கூட்டு உண்டென்று எண்ணப் புகுந்தால் இந்தக் கட்டுரை முடியாது.)

நின்றதற்குக் காரணம் வரிக் கணக்கும் கோயில் புத்தகமும். 1377, 1379, 1381 என்று நான்கே வருஷத்தில் மூன்று முறை இங்கிலாந்தில் தலைவரி போட்டார்கள். வரி தண்ட வந்தவனுக்கு வெறும் ஜான் போதவில்லை. எந்த ஜான் என்று கேட்டு, ஊர் சொன்னதை எழுதிக்கொண்டான். அந்த மூன்றாவது வரியை எதிர்த்துத்தான் குடியானவர்கள் கிளர்ந்தார்கள். தலைமை தாங்கியவன் வாட் டைலர். ஓடு வேய்கிற வாட் என்பது நேர்ப்பொருள். 1538ல் தாமஸ் குரோம்வெல் ஒவ்வொரு தேவாலயமும் ஞானஸ்நானம், கல்யாணம், சாவு மூன்றையும் புத்தகத்தில் ஏற்ற வேண்டும் என்று உத்தரவு போட்டார். ஊர் வாயில் இருந்தது மையில் ஏறியது. அதன்பிறகு கட்டையன் மகன் ஆறடி வளர்ந்தாலும் ஷார்ட்தான். கொல்லன் பேரன் வக்கீலானாலும் ஸ்மித்தான்.

எங்களையும் எழுதத்தான் செய்தார்கள். ஊர் சொன்னதை எழுதவில்லை, அதுதான் வித்தியாசம். 1948ல் அவசரகாலம் வந்ததும் எல்லோருக்கும் அடையாள அட்டை. தோட்டத்து ஆபீசில் வரிசையாக நிற்கவைத்துப் படம் எடுத்தார்கள். 'பேர்?' முனியாண்டி. 'அப்பா பேர்?' சின்னசாமி. முடிந்தது. நடுவில் ஓர் எஸ்/ஓ. பிற்பாடு அதுவே மலாயில் ஏ/எல் ஆனது, அனாக் லெலாக்கி, பெண்ணுக்கு ஏ/பி, அனாக் பெரம்புவான். 2001ல் மைகாட் வந்தபோதும் உள்ளே அதே சாய்கோடுதான். 'ஊர்ல என்னய்யா உன்னைக் கூப்பிடறாங்க?' என்று அந்த மேசையில் இருந்த ஒருவரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் எங்கள் ஆட்கள் கூச்சப்பட்டுக்கொண்டு சொல்லியிருக்க மாட்டார்கள்.

இத்தனைக்கும் இந்த நாட்டு அடையாள அட்டையில் இன்னொரு பேருக்கு இடம் உண்டு. வட்டத்துக்குள் சுருண்ட ஏ மாதிரி ஒரு குறி. மின்னஞ்சலில் வருகிற அதே குறி. வீட்டில் வைத்த பேர் ஒன்று, பத்திரத்தில் எழுதிய பேர் ஒன்று என்று இருந்தவர்கள் நடுவில் அதைப் போட்டுக்கொண்டார்கள். அந்தக் குறிக்கு அந்தப் பக்கம் ஒரு 'கட்டை'யோ ஒரு 'மணியடி'யோ உட்கார்ந்து நான் பார்த்ததில்லை.

தகப்பன் பேரை ஒட்டுவதில் ஒரு கோளாறு உண்டு: அது ஒரு தலைமுறைக்கு மேல் தாங்காது. முனியாண்டி மகனுக்கு முனியாண்டி கிடைப்பார். பேரனுக்குக் கிடைக்க மாட்டார். ஒவ்வொரு தலைமுறையும் தாத்தாவைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் நடக்கிறது. ஐஸ்லாந்துக்காரர்கள் இன்றும் இப்படித்தான் வாழ்கிறார்கள், ஆனால் அவர்களிடம் பல நூற்றாண்டு வம்ச ஏடுகள் இருக்கின்றன. எங்களிடம் இருந்தது செக்ரோல். தோட்டம் கைமாறியபோது அதைக் கொளுத்தினார்களா கரையான் தின்றதா, கேட்டுப் பார்க்கக்கூட ஆள் இல்லை.

பெண்கள் பட்டப்பேர் விஷயத்தில் ஏமாந்தவர்கள். ஆணுக்குச் சமமாக நிரை பிடித்து, அதே எண்ணிக்கை மரம் வெட்டி, காண்டா வாளி தூக்கி நடந்தவர்கள்தான். ஆனாலும் 'டிரைவர் பெஞ்சாதி', 'கட்டையர் மக' என்று யாராவது ஓர் ஆணின் நிழலில் பேர் வாங்கினார்கள். சொந்தமாகப் பேர் சம்பாதித்தது மருத்துவச்சியும் ஆயாவும் மட்டுமே. ஆயாக்கொட்டகையில் நாற்பது பிள்ளைகளுக்குத் தூளி ஆட்டிய அந்த அம்மாளின் இயற்பேர் எனக்கு இன்றுவரை தெரியாது. இங்கிலீஷ்காரர்கள் இதில் கொஞ்சம் பரவாயில்லை. வெப்ஸ்டர் என்றால் முதலில் நெசவுக்காரி. பேக்ஸ்டர் ரொட்டி சுடுகிறவள். அகராதி போட்ட வெப்ஸ்டரின் பேருக்குள் யாரோ ஒரு பாட்டி தறியில் உட்கார்ந்திருக்கிறாள். எங்கள் ஆயாவுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. ஆயா என்ற சொல்லே போர்த்துகீசியர் கொண்டுவந்தது என்பதால், எங்கள் மலாக்காவில் அதற்கு மற்ற இடங்களைவிட உரிமை அதிகம் என்று வேண்டுமானால் சொல்லிக்கொள்ளலாம்.

மலாக்கா டவுனில் நடந்து பார்த்தால் பொறாமையாகத்தான் இருக்கும். உஜோங் பாசிரில் டி கோஸ்தா, டி மெல்லோ என்று போர்த்துகீசியப் பேர்கள் 1511லிருந்து வருகிற தொடர்ச்சியோடு இன்னும் வாசல் பலகையில் தொங்குகின்றன. டச்சுக்காரர்களும் பேரை விட்டுவிட்டுப் போனார்கள். டி விட் என்றால் வெள்ளையன், வெஸ்டர்ஹௌட் மேலைக்காடு. பத்தொன்பதாம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் இங்கே பெரிய மனிதராக இருந்த ஏட்ரியன் கூக்கின் பேருக்கு டச்சில் கேக் என்று பொருள் வரும். எங்கள் தோட்டத்திலும் ஒரு 'ஆப்பக்காரம்மா வீடு' இருந்தது. அது ஏன் நிலைக்கவில்லை?

இதைவிட உறுத்துவது காஜா பெராங் செட்டிகளைப் பார்க்கும்போது. சுல்தான் காலத்தில் வணிகத்துக்கு வந்து, இங்கேயே பெண் கட்டி நிலைத்த தமிழர் வம்சம். 1781ல் அவர்களின் தலைவர் தெய்வநாயகம் செட்டி, டச்சுக்காரர்கள் கொடுத்த நிலத்தில் பொய்யாத விநாயகர் கோயிலைக் கட்டினார். தங்கவேலைக்காரர் தெருவில் இன்றும் அதில் விளக்கெரிகிறது. அந்த மக்கள் பேசுவது மலாய். ஆனால் அவர்களின் பேர்களைப் பாருங்கள்: பிள்ளை, நாயக்கர், படையாட்சி, செட்டி. மொழி கரைந்தது, பேர் கல்லாக நின்றது. நாங்கள் மொழியைக் காப்பாற்றினோம், தமிழ்ப்பள்ளிக்காகச் சண்டை போட்டோம், பேரைக் கோட்டைவிட்டோம்.

அப்படி நிற்கிற பேர்களெல்லாம் சாதிப் பட்டங்கள் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1929ல் செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு பேருக்குப் பின்னால் வருகிற பட்டங்களை வெட்டச் சொன்னது. அதே வருஷக் கடைசியில் பெரியார் பினாங்கில் வந்து இறங்கினார். தோட்டத்திலும் சாதிக்கு ஒரு லயம் இருந்தது. சாதி சொல்லி ஆளைக் கூப்பிடுகிற வாயும் இருந்தது. அந்தப் பேர்கள் ஒழிந்ததற்கு நான் ஒரு சொட்டுக் கண்ணீர் விட மாட்டேன். 'நொண்டி', 'செவிடு' என்று கூப்பிடப்பட்டவர்களுக்கு எப்படி வலித்தது என்று நாங்கள் யாரும் கேட்டதில்லை, அவையும் போகட்டும். பட்டப்பேரின் தனிப்பெருமை ஒன்று உண்டு: கட்டை, மணியடி, ஞாயித்துக்கிழமை இவற்றில் சாதி கிடையாது. பிறப்பைக் கேட்காமல் ஆளைப் பார்த்து வைத்த பேர். சாதிப்பட்டம் இல்லாமல் தமிழனுக்குக் குடும்பப் பேர் வாய்த்திருக்கக்கூடிய ஒரே வழி லயத்து வாசலில் இருந்தது என்பது என் கட்சி. இரண்டு தலைமுறை பொறுத்திருந்தால் 'மணியடி' வீட்டுப் பேராகியிருக்கும்.

பொறுக்க நேரம் கொடுக்கவில்லை. ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றன. 1960ல் சம்பந்தன் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தொழிலாளர்களிடம் சந்தா சேர்த்துச் சில தோட்டங்களை மீட்டார். எங்களுடையது அதில் வரவில்லை. பால்மரத்தைச் சாய்த்துச் செம்பனை போட்டார்கள். செம்பனைக்கு அத்தனை கை வேண்டாம். பிறகு வேறு நாட்டு ஆட்கள் வந்தார்கள். லயத்தைக் காலி செய்தவர்கள் புக்கிட் பெருவாங், டுரியான் துங்கால், ஜாசின் தாமான்களுக்குச் சிதறினோம். தாமானில் பக்கத்து வீட்டுக்காரர் மலாய்க்காரர், எதிர்வீடு சீனர். அவர்களுக்கு அவர் மிஸ்டர் முனியாண்டி. ஒரு தெருவுக்கு ஒரு முனியாண்டிதான். அடைமொழிக்கு அங்கே வேலையே இல்லை.

கடைசி உயிர் ஒன்று மட்டும் கொஞ்ச நாள் துடித்தது. தோட்டத்தை விட்டு வந்தபிறகு 'அசஹான்காரர்', 'தெபோங் மாமா', 'ரும்பியா அக்கா' என்று இடத்தைச் சொல்லிக் கூப்பிட்டோம். இங்கிலாந்திலும் ஊர்ப்பேர் அப்படித்தான் ஒட்டியது. லிங்கனை விட்டு வெளியே போனவனைத்தான் லிங்கன் என்று கூப்பிட்டார்கள், லிங்கனுக்குள்ளேயே இருப்பவனை அப்படிக் கூப்பிட்டு என்ன பயன்? எங்கள் பிள்ளைகள் அதையும் எடுத்துக்கொள்ளவில்லை. அவர்களுக்கு அவர்களே தனி. நட்சத்திரம் பார்த்து எழுத்தும், எண்கணிதம் பார்த்துக் கூட்டலும் போட்டு, உலகத்தில் வேறு எவருக்கும் இல்லாத பேராக வைத்திருக்கிறோம். என் பேத்தி வகுப்பில் முப்பது பிள்ளைகள், முப்பது பேர்; ஒன்றுபோல் இன்னொன்று இல்லை. பேர்ப் பஞ்சம் தீர்ந்தது. பட்டப்பேர் அந்தப் பஞ்சத்தில்தான் பிழைத்துக்கொண்டிருந்தது.

தங்கை மகன் போன வருஷம் பயிற்சிக்காக மியூனிக் போனான். விமான டிக்கெட்டிலும் விடுதிப் பாரத்திலும் குடும்பப் பேர் என்ற கட்டத்தை நிரப்பாமல் விடவில்லை. அப்பா பேரைப் போட்டான். மூன்று மாதம் அங்கே எல்லோரும் அவனை ஹேர் பெருமாள் என்று அவனுடைய அப்பா பேரிலேயே கூப்பிட்டார்களாம். "யாரோ எங்கப்பாவைக் கூப்பிடற மாதிரியே திரும்பித் திரும்பிப் பார்த்தேன் மாமா" என்றான். கூப்பிட்டவர்களில் ஒருவர் ஷ்னைடர், ஒருவர் க்ராவுஸ. அவருக்கு வழுக்கையாம்.

மணியடி மாமாவின் சடங்குக்குப் போயிருந்தேன். பந்தலில் தோட்டத்து ஆட்கள் ஒரு மூலையில் சேர்ந்துவிட்டோம். செத்தவரைப் பற்றிப் பேசப் பேச ஒவ்வொரு பேராக எழுந்து வந்தது: கட்டை, துறையூர், ஸ்டோர், சங்கு, நெட்டை. கொஞ்சம் சத்தமாகச் சிரித்தும்விட்டோம். பேரன் ஒருவன், பத்து வயதிருக்கும், எங்கள் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தான்.

"எங்க தாத்தாவை ஏன் மணியடின்னு சொல்றீங்க?"

தண்டவாளத் துண்டைச் சொன்னேன். மெதுவாக மூன்று, பிறகு விடாமல். மேசையில் விரலால் தட்டிக் காட்டினேன்.

"அந்த இரும்பு இப்ப எங்கே?"

ஆபீசை இடித்தபோது பழைய இரும்புக்காரர் நிறுத்து எடுத்துக்கொண்டு போனதாகக் கேள்வி. அதைச் சொன்னேன். அவன் கைப்பேசியை எடுத்தான். தாத்தாவின் எண் இன்னும் அதில் இருந்தது. பேரைத் திருத்தப் போனவன் தட்டச்சு செய்யாமல் நிமிர்ந்தான்.

"தாத்தா, மணியடிக்கு ஸ்பெல்லிங் என்ன? ஒய் வருமா வராதா?"

நான் பக்கத்தில் இருந்தவர்களைப் பார்த்தேன். அவர்கள் என்னைப் பார்த்தார்கள்.

"தெரியலப்பா," என்றேன். "இதுவரைக்கும் அதை யாரும் எழுதினதில்லை."